டிக்ரில டைப்பிங் தப்பு வந்துடுச்சா? சிவில் கோர்ட் தீர்ப்புத் திருத்தம் பத்தி அடிக்கடி கேக்குற கேள்விகள்

வருஷக்கணக்கா அலைஞ்சு கேஸ் ஜெயிச்சு, டிக்ரி காப்பிய வாங்கிட்டு தாலுகா ஆபீஸுக்கோ சப்-ரிஜிஸ்ட்ரார் ஆபீஸுக்கோ போனா, "சர்வே நம்பர் ஒத்துப் போகல, கோர்ட்லயே சரி பண்ணிட்டு வாங்க"ன்னு திருப்பி அனுப்பிடுறாங்க. வக்கீல் ஆபீஸ்ல குமாஸ்தாவா இருக்கிறதால இந்த மாதிரி வர்றவங்கள நான் அடிக்கடி பாக்குறேன், பாதிப் பேரு கேஸே தோத்துப் போன மாதிரி முகத்த வச்சுக்கிட்டு வருவாங்க. அவ்வளவு பயப்பட வேண்டிய விஷயம் இல்ல இது, ஆனா தப்பு எங்க நடந்துச்சுன்னு சரியா கண்டுபிடிக்காம மனு போட்டா வீணா மாசக்கணக்குல இழுக்கும். இங்க சொல்றது எல்லாம் 1908ம் வருஷத்து சிவில் நடைமுறைச் சட்டம், அதாவது நாம சி.பி.சி.ன்னு சொல்றது, அதுபடி முன்சீப் கோர்ட், சப் கோர்ட், ஜில்லா கோர்ட்ல நடக்கிறது.

ஜட்ஜ் கையெழுத்து போட்டப்புறம் தீர்ப்ப மாத்தவே முடியாதுன்னு சொல்றாங்களே, உண்மையா?

பாதி உண்மை. சி.பி.சி. ஆர்டர் 20 ரூல் 3 அப்படித்தான் சொல்லுது, திறந்த கோர்ட்ல தேதி போட்டு கையெழுத்து வச்சுட்டா அதுக்கப்புறம் ஒரு வரி சேக்கவோ மாத்தவோ கூடாது. ஆனா அதே ரூல்லயே ரெண்டு விதிவிலக்கு இருக்கு. ஒண்ணு செக்‌ஷன் 152, இன்னொண்ணு ரிவ்யூ, அதாவது மறுசீராய்வு. எழுத்துப்பிழைக்கு 152 போதும், ரிவ்யூ பக்கமே போக வேணாம்.

152ல என்னென்ன தப்ப சரி பண்ணலாம்?

மூணு வகை. எழுதும்போதோ டைப் பண்ணும்போதோ வந்த தப்பு, கணக்குக் கூட்டல் கழித்தல்ல வந்த தப்பு, அப்புறம் கவனக்குறைவா கை தவறி விழுந்தது அல்லது விட்டுப்போனது. 1966ல மாஸ்டர் கன்ஸ்ட்ரக்‌ஷன் கம்பெனிக்கும் ஒரிஸ்ஸா அரசுக்கும் நடந்த விற்பனை வரி வழக்குல சுப்ரீம் கோர்ட் இந்த மூணுக்கும் விளக்கம் சொல்லிச்சு, இன்னைக்கும் 152 மனுன்னா அந்த விளக்கத்தத்தான் வக்கீல்ங்க எடுத்துப் போடுவாங்க.

கணக்குத் தப்புக்கு ஒரு உதாரணம். 3,00,000 ரூபாய்க்கு வருஷம் 9 சதவீத வட்டி, ரெண்டரை வருஷத்துக்கு. வட்டி 67,500 வரணும். டிக்ரில 76,500ன்னு விழுந்திருந்தா அது யாரு பாத்தாலும் தப்புன்னு தெரியும், வட்டி 9 சதவீதம் சரியா தப்பான்னு யாரும் விவாதம் பண்ண வேண்டியதில்ல. இதான் அளவுகோல், தப்ப நிரூபிக்க புதுசா சாட்சி விசாரிக்கணும், புதுசா வாதாடணும்னா அது 152க்குள்ள வராது. கோர்ட் ஏற்கனவே மனசுல முடிவு பண்ணினது ஒண்ணு, பேப்பர்ல விழுந்தது ஒண்ணுன்னு இருந்தா மட்டும்தான் வரும்.

ஜட்ஜ்மென்டும் டிக்ரியும் ஒண்ணுதானே, எதுல திருத்தம் கேக்கணும்?

ஒண்ணு இல்ல, நிறைய குழப்பம் இங்கதான் ஆரம்பிக்குது. ஜட்ஜ்மென்ட்ங்கிறது ஜட்ஜ் காரணம் சொல்லி எழுதுறது, தமிழ்ல தீர்ப்புரைன்னு போட்டிருக்கும். டிக்ரி, அதாவது தீர்ப்பாணை, அந்த முடிவ வச்சு ஆபீஸ்ல தயார் பண்றது. பார்ட்டி பேரு, கேட்ட பரிகாரம், கொடுத்த பரிகாரம், செலவுத் தொகை, கடைசில சொத்து விவரம்னு இருக்கும். டிக்ரி ஜட்ஜ்மென்டோட ஒத்துப் போகணும்னு ஆர்டர் 20 ரூல் 6 சொல்லுது, 15 நாளுக்குள்ள தயார் பண்ணணும்னு ரூல் 6ஏ சொல்லுது. வேலைப் பளுவுல இருக்கிற ஊழியர் பழைய பிராத, அதாவது வாதி வழக்கு போடும்போது கொடுத்த வழக்குரைய, பாத்து சொத்து விவரத்த மறுபடி டைப் பண்ணும்போதுதான் நம்பர் இடம் மாறுது.

அதனால காப்பிய கையில வாங்கின அன்னைக்கே நாலு பேப்பரையும் பக்கத்துல பக்கத்துல வச்சு ஒரு விரல வரிமேல வச்சுக்கிட்டே படிங்க. சான்றிட்ட நகல், டிக்ரி, ஜட்ஜ்மென்ட், பிராது. தப்பு நகல்ல மட்டும் இருந்து கோர்ட்ல இருக்கிற ஒரிஜினல் டிக்ரி சரியா இருந்தா மனுவே வேணாம், நகல் பிரிவுல சொல்லி ஒரிஜினலோட ஒப்பிட்டு சரியான நகல் வாங்கிக்கலாம். ஜட்ஜ்மென்ட் சரி, டிக்ரி தப்புன்னா 152ல சுலபமா முடியும். ரெண்டுலயும் தப்பு, ஆனா பிராது சரின்னா ரெண்டையும் திருத்தணும்னு சேத்துக் கேளுங்க, டிக்ரிய மட்டும் திருத்தச் சொன்னா அப்புறம் டிக்ரி ஜட்ஜ்மென்டோட ஒத்துப் போகலன்னு எதிர்த்தரப்பு வக்கீல் கிளப்புவார். பிராதுலயே தப்புன்னா கதை வேற, கீழ தனியா சொல்றேன்.

சர்வே நம்பர் மாறிடுச்சு. 147/2க்கு பதிலா 174/2ன்னு இருக்கு. சரி பண்ண முடியுமா?

முடியும், அதிகமா வர்ற கேஸே இதுதான். மத்த விவரம் எல்லாம் சொத்தோட பொருந்துதான்னு பாருங்க. நாலு எல்லை, விஸ்தீரணம், கிராமம், பத்திர நம்பர் எல்லாம் சரியா இருந்து நம்பர் மட்டும் பிசகியிருந்தா கோர்ட் தயங்காது, ஏன்னா சொத்த அடையாளம் காட்டுறதுல பொதுவா நம்பர விட, அளவ விட, நாலு எல்லைக்குத்தான் மதிப்பு ஜாஸ்தி. ஆனா அந்த 174/2ங்கிற நிலத்துல வேற ஒருத்தர் அனுபவத்துல இருந்து, எல்லையும் அந்தப் பக்கம் போகுதுன்னா எதிர்ப்பு வரும், அப்ப அது டைப்பிங் தப்பா இல்ல வேற சொத்துக்குத் தாவுறீங்களான்னு கோர்ட் கேக்கும்.

விஸ்தீரணத்துல வர்ற தப்பு இன்னும் மோசம், கண்ணுக்குத் தெரியாது. பட்டாவுல 0.40.5ன்னு போட்டிருக்கும், ஹெக்டேர்ல நாப்பதரை ஏர்ஸ், அதாவது ஒரு ஏக்கர். டிக்ரில 0.04.5ன்னு ஆயிடுச்சுன்னா அது நாலரை ஏர்ஸ், கிட்டத்தட்ட 11 சென்ட்டுதான். ஒரு சைபர் இடம் மாறினதுக்கு 89 சென்ட் காணாம போயிடும். பட்டா மாறுதலுக்குப் போகும்போதோ விக்கப் போகும்போதோதான் இது வெளிய வரும்.

டிக்ரில பழைய சர்வே நம்பர் இருக்கு, இப்ப பட்டாவுல புது நம்பர். இதுவும் பிழையா?

பிழையே இல்ல. யு.டி.ஆர்., அதாவது நிலப் பதிவேடுகள புதுப்பிச்ச திட்டம், நடந்த சமயத்துல நிறைய ஊர்ல நம்பர் மாறுச்சு, டவுன் பக்கம் டவுன் சர்வே நம்பர் வந்துச்சு, டிக்ரிக்கு அப்புறம் உட்பிரிவும் ஆகியிருக்கலாம். தீர்ப்பு சொன்ன அன்னைக்கு அந்த நம்பர் சரியா இருந்துச்சுன்னா கோர்ட் தப்பு பண்ணல. பழைய நம்பருக்கு புது நம்பர் எதுன்னு காட்டுற ஆவணம் தாலுகா ஆபீஸ்ல வாங்கி, அதை வச்சு தேவையான இடத்துல காட்டுங்க. திருத்த மனுவுக்கு ஓடாதீங்க.

பிராதுலயே நம்ம வக்கீல் ஆபீஸ்ல தப்பா டைப் பண்ணிட்டாங்க, கோர்ட் அதை அப்படியே காப்பி அடிச்சிருக்கு. என்ன பண்றது?

கோர்ட் பண்ணின தப்பு இல்லங்கிறதால 152 மட்டும் போட்டா எதிர்த்தரப்பு சண்டை போடும். நடைமுறைல பிராதையும் திருத்தணும்னு ஆர்டர் 6 ரூல் 17, செக்‌ஷன் 153 ரெண்டையும் சேத்துக் கேக்குறதுண்டு. விசாரணை ஆரம்பிச்சப்புறம் பிராது திருத்தம் கேட்டா, எவ்வளவு கவனமா இருந்தும் முன்னாடியே கேக்க முடியலன்னு காட்டணும்னு 2002ல வந்த திருத்தம் சொல்லுது, அதனால தாமதத்துக்கான காரணத்த அபிடவிட்ல, அதாவது சத்தியப் பிரமாண வாக்குமூலத்துல, ஒழுங்கா சொல்லணும். உங்க பக்கம் நிக்கிறது வழக்குல மார்க் பண்ணின பத்திரம்தான், கேஸ் நடந்தது முழுக்க எந்த சொத்து பத்தின்னு ரெண்டு பேருக்கும் தெரியும், பத்திரத்துலயும் பட்டாவுலயும் சரியான நம்பர்தான் இருக்குன்னு காட்டுங்க.

2003ல ரிப்போர்ட் ஆன ஒரு வழக்குல சுப்ரீம் கோர்ட் நல்லா சொல்லிச்சு, ஜெயிச்சவருக்கு டிக்ரியோட பலன் கிடைக்காமப் போகக் கூடாது, சொத்து அடையாளத்துல இருக்கிற குறைய சூழ்நிலைக்குத் தக்கபடி 152லயோ, நிறைவேற்றும் கட்டத்துல செக்‌ஷன் 47லயோ சரி பண்ணலாம்னு. அந்த வழக்குல டிக்ரியோட சேர வேண்டிய வரைபடமே இல்லாமப் போயிருந்துச்சு. நிலத் தகராறுல மனு போடுறவங்க இந்தத் தீர்ப்ப வக்கீல்கிட்ட ஞாபகப்படுத்துங்க.

ஜட்ஜ் வட்டி கொடுக்க மறந்துட்டாரு. 152ல சேக்கச் சொல்லலாமா?

பொதுவா முடியாது, இதுல நிறைய பேரு ஏமாந்து போறாங்க. தீர்ப்புத் தேதிக்கு அப்புறம் பணம் கட்டுற வரைக்குமான வட்டி பத்தி டிக்ரி ஒண்ணும் சொல்லலன்னா, மறுத்துட்டதாத்தான் அர்த்தம்னு செக்‌ஷன் 34லயே இருக்கு. அதே மாதிரி நீங்க கேட்ட ஒரு பரிகாரத்த டிக்ரி வெளிப்படையா கொடுக்கலன்னா அதுவும் மறுக்கப்பட்டதுதான்னு செக்‌ஷன் 11ல விளக்கம் 5 சொல்லுது. 1999ல ஒரு காண்ட்ராக்டர் மத்தியப் பிரதேச அரசு மேல போட்ட வழக்குல, வழக்கு நடந்த காலத்து வட்டிய பிற்பாடு 152 மூலமா சேத்துக் கொடுத்தது செல்லாதுன்னு சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு. 2001ல இன்னொரு வழக்கு, ரெண்டு பேரும் சம்மதிச்சு வாங்கின விவாகரத்து டிக்ரில சொத்து மாத்திக் கொடுக்கிற ஷரத்த அப்புறமா 152ல நுழைச்சாங்க, அதுவும் நிக்கல.

ஆனா ஒண்ணு கவனிங்க. ஜட்ஜ்மென்ட் உள்ள "வாதிக்கு நிரந்தர உறுத்துக்கட்டளை பெற உரிமை உண்டு"ன்னு தெளிவா முடிவு எழுதிட்டு, கடைசிப் பத்தில விளம்புகை, அதாவது உரிமை யாருக்குங்கிற அறிவிப்பு, மட்டும் போட்டு உறுத்துக்கட்டளைய, அதாவது இன்ஜங்ஷன, விட்டிருந்தா, அது மறந்து விட்டுப்போனது, 152ல கேக்கலாம். உள்ள அதைப் பத்தி பேச்சே இல்லன்னா அப்பீல் அல்லது ரிவ்யூதான். அதனால கடைசி பக்கத்த மட்டும் படிக்காம எழுவினாக்களுக்கு, அதாவது வழக்குல கோர்ட் முடிவு பண்ண வேண்டிய கேள்விகளுக்கு, என்ன விடை எழுதியிருக்காருன்னு ஒவ்வொண்ணா படிச்சுப் பாத்துட்டு முடிவு பண்ணுங்க.

ஒரு வார்த்தை மாறினதுக்கு எல்லாம் இவ்வளவு தூரம் போகணுமா?

போகணும். நம்ம மெட்ராஸ் ஐகோர்ட்லேருந்து சுப்ரீம் கோர்ட் வரைக்கும் போன வழக்கே இருக்கு, 1960கள் தொடக்கத்துல தீர்ப்பு. நிகர லாபம்னு இருக்க வேண்டிய இடத்துல டிக்ரில மெஸ்னி ப்ராஃபிட், அதாவது சட்டவிரோதமா அனுபவிச்சவர் தர வேண்டிய வருமானம்னு விழுந்துடுச்சு. ரெண்டுக்கும் கணக்குப் போடுற முறையே வேற, கட்ட வேண்டிய தொகையும் மாறும். ஐகோர்ட் அதைத் திருத்தினது சரிதான்னு சுப்ரீம் கோர்ட் சொல்லிச்சு.

டிக்ரி வந்து ரொம்ப வருஷம் ஆச்சு, டயம் முடிஞ்சிருக்குமா?

152லயே "எப்போது வேண்டுமானாலும்"னு இருக்கு, அதனால திருத்த மனுவுக்கு காலவரம்பு கிடையாது. ஜட்ஜ் தானாவே கூட திருத்தலாம். ஆனா நடுவுல அந்த சொத்த நம்பி வேற யாராவது கிரயம் வாங்கியிருந்தா நிலைமை சிக்கலாகும், அதனால தெரிஞ்ச உடனே போடுங்க.

இன்னொரு விஷயம் ரொம்ப முக்கியம், 152 மனு நிலுவைல இருக்குங்கிறதால மத்த கெடு நிக்காது. ரிவ்யூவுக்கு 30 நாள், ஜில்லா கோர்ட் மாதிரி கோர்ட்டுக்கு அப்பீல்னா 30 நாள், ஐகோர்ட்டுக்குன்னா 90 நாள், நகல் வாங்க ஆன நாட்கள மட்டும் கழிச்சுக்கலாம். தப்பு எழுத்துப்பிழையா இல்ல தீர்ப்போட தப்பான்னு சந்தேகமா இருந்தா அப்பீல் கெடு ஓடுறதுக்குள்ள வக்கீல பாத்துடுங்க, "முதல்ல திருத்தம் முடியட்டும்"னு உக்காந்தா ரெண்டும் போயிடும்.

தீர்ப்பு சொன்ன ஜட்ஜ் மாத்தலாகிப் போயிட்டாரு, அப்பீலும் நடந்து முடிஞ்சிருச்சு. எந்தக் கோர்ட்ல போடணும்?

ஜட்ஜ் மாறினா பிரச்சனை இல்ல, அதிகாரம் கோர்ட்டுக்கு, ஆளுக்கு இல்ல. அப்பீல்தான் கொஞ்சம் பாக்கணும். அப்பீல் கோர்ட் விசாரிச்சு தீர்ப்பு சொல்லிடுச்சுன்னா கீழ்க்கோர்ட் டிக்ரி அதுக்குள்ள ஐக்கியமாயிடுது, திருத்தத்த அப்பீல் கோர்ட்லதான் கேக்கணும். ஆனா அப்பீல அட்மிஷன் கட்டத்துலயே, அதாவது விசாரணைக்கு எடுக்கலாமான்னு பாக்கும்போதே, ஆர்டர் 41 ரூல் 11ல தள்ளிட்டாங்கன்னா முதல் கோர்ட்லயே திருத்தலாம், இதுக்காகத்தான் 1976 திருத்தத்துல 153ஏ கொண்டுவந்தாங்க. அதனால அப்பீல் ஆர்டர் காப்பிய எடுத்துட்டு வக்கீல்கிட்ட போங்க, தப்பான கோர்ட்ல போட்டா மனுவுக்கு நம்பர் போடாமலே ரிட்டர்ன் வரும்.

மனுல என்ன எழுதணும்?

ஏற்கனவே முடிஞ்ச ஓ.எஸ்., அதாவது அசல் வழக்கு, நம்பர்லயே ஒரு ஐ.ஏ., அதாவது இடைமனு, போடணும், கூட அபிடவிட். பக்கம் பக்கமா கேஸ் கதை வேணாம். முக்கியமான பத்தி இந்த மாதிரி இருந்தா போதும்:

"மேற்படி அசல் வழக்கில் இந்த நீதிமன்றம் பிறப்பித்த தீர்ப்பாணையின் சொத்து விவரத்தில், புல எண் 147/2 என்று இருக்க வேண்டிய இடத்தில் 174/2 என்று தட்டச்சுப் பிழையாகப் பதிவாகியுள்ளது. வழக்குரையிலும், வாதி தரப்பு சான்றாவணம் 1 கிரயப் பத்திரத்திலும், தீர்ப்புரையின் 9ஆம் பத்தியிலும் புல எண் 147/2 என்றே உள்ளது. நான்கெல்லைகளிலும் விஸ்தீரணத்திலும் மாற்றம் ஏதும் கோரப்படவில்லை."

தப்பு எந்த இடத்துல, சரியானது எங்க இருக்கு, வேற எதையும் மாத்தச் சொல்லலங்கிற மூணும் வந்துடுச்சு. கூட டிக்ரி, ஜட்ஜ்மென்ட் நகல், பத்திரம், பட்டா, புலப்பட நகல் வைங்க. மூணு தப்பு இருந்தா மூணையும் ஒரே மனுல கேளுங்க, ஒண்ணு ஒண்ணா போட்டா ஜட்ஜுக்கே சந்தேகம் வரும். இனிஷியல், அப்பா பேரு தப்புன்னா ஆதார் மட்டும் பத்தாது, வழக்கு கட்டுல ஏற்கனவே இருக்கிற ஆவணத்த காட்டுறதுதான் பலம்.

எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் போகுமா?

பெரும்பாலும் போகும், அவர் கேஸுக்கு வராம எக்ஸ்பார்ட்டியா இருந்திருந்தாலும் ஜட்ஜ் நோட்டீஸ் உத்தரவு போடலாம். அதை தொந்தரவா நினைக்காதீங்க, நோட்டீஸ் இல்லாம வாங்கின திருத்தத்த பின்னாடி அவர் எதிர்த்தா மறுபடி முதல்லேருந்து ஆரம்பிக்கணும். விலாசம் சரியா கொடுங்க, இந்த மனு இழுக்கிறது எல்லாம் நோட்டீஸ் சர்வ் ஆகாமத்தான்.

ராஜி டிக்ரில தப்பு இருந்தா?

ரெண்டு பேரும் கையெழுத்து போட்ட ராஜி மனுல சரியா இருந்து டிக்ரில தப்பா வந்திருந்தா 152 தாராளமா வரும். ராஜி மனுலயே தப்புன்னா ரெண்டு தரப்பும் சேந்து கேக்குறதுதான் நல்ல வழி. ஒருத்தர் மட்டும் போய் ஷரத்தையே மாத்தச் சொன்னா மேல சொன்ன 2001 வழக்கு குறுக்க வந்து நிக்கும்.

மனுவ தள்ளுபடி பண்ணிட்டா அப்பீல் உண்டா?

152 உத்தரவுக்கு எதிரா அப்பீல் கிடையாது. ஐகோர்ட்ல, அதாவது சென்னையிலயோ மதுரைக் கிளையிலயோ சி.ஆர்.பி., அதாவது சிவில் சீராய்வு மனு, போடணும். போறதுக்கு முன்னாடி தள்ளுபடிக்கு என்ன காரணம் எழுதியிருக்காங்கன்னு படிங்க, "இது எழுத்துப்பிழை இல்ல, பிராது திருத்தம் கேக்கணும்"னு இருந்தா அந்த வழிய யோசிக்கிறதுதான் செலவு கம்மி.

கிரிமினல் கேஸ் தீர்ப்புக்கும் இதேதானா?

அதுக்கு சட்டம் வேற. முன்னாடி குற்றவியல் நடைமுறைச் சட்டம் செக்‌ஷன் 362, இப்ப பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதால 403. எழுத்துப்பிழை, கணக்குப் பிழை மட்டும் திருத்தலாம்.

மனு போட்டவரு, இல்ல எதிர்த்தரப்பு, இறந்துட்டா?

டிக்ரி வாங்கினவரோட வாரிசுகள் வாரிசுச் சான்று வச்சு மனு போடலாம். எதிர்த்தரப்பு இறந்திருந்தா அவரோட வாரிசுகள சேத்து நோட்டீஸ் கொடுக்கணும், செத்தவர் பேர்ல மனு போட்டு உத்தரவு வாங்கிட்டா அது நிக்காது.

திருத்தம் ஆர்டர் ஆயிடுச்சு. அப்புறம்? இ.பி. எப்ப போடுறது?

ஆர்டர் ஆனதோட வீட்டுக்குப் போயிடாதீங்க. ஒரிஜினல் டிக்ரில திருத்தம் ஏறியிருக்கா, இன்ன ஐ.ஏ. உத்தரவுப்படி திருத்தப்பட்டதுன்னு குறிப்பு இருக்கான்னு பாத்து, புதுசா நகல் மனு போட்டு திருத்திய டிக்ரியோட சான்றிட்ட நகல் வாங்கணும். பழைய நகல தாலுகா ஆபீஸ்ல கொடுத்திருந்தா புதுசையும் ஐ.ஏ. உத்தரவு நகலையும் சேத்துக் கொடுங்க.

இ.பி.க்கு, அதாவது நிறைவேற்று மனுவுக்கு, காலவரம்புச் சட்டம் ஷரத்து 136படி 12 வருஷம். 1908ம் வருஷத்து பழைய காலவரம்புச் சட்டத்துல டிக்ரி திருத்தின தேதிலேருந்து கணக்கு ஆரம்பிக்கலாம்னு தனியா ஒரு வரி இருந்துச்சு, 1963 சட்டத்துல அந்த வரி இல்ல. அதனால 11வது வருஷத்துல தப்ப கண்டுபிடிச்சவங்க திருத்தம் முடியட்டும்னு காத்திருக்க வேணாம், இ.பி.ய கெடுவுக்குள்ள தாக்கல் பண்ணிட்டு, திருத்த மனு நிலுவைல இருக்குன்னு அதுலயே சொல்லி, திருத்தின டிக்ரி வந்ததும் இ.பி. சொத்து விவரத்தையும் அதுக்கேத்த மாதிரி மாத்திக்க ஒரு மனு கொடுங்க. அமீனா, அதாவது உத்தரவ நிறைவேத்துற கோர்ட் ஊழியர், சொத்த ஒப்படைக்கப் போற அன்னைக்கு கைல இருக்கிற வாரண்ட்ல 147/2ன்னு சரியா இருக்கான்னு முந்தின நாளே பாத்துடுங்க, டிக்ரிய திருத்திட்டு வாரண்ட்ல பழைய நம்பரோட போனா சர்வேயர் அளக்க மாட்டாரு.